இரண்டு பாட்டுக்கு ஒரே சுருதி

2024 செப்டம்பரில் 'லப்பர் பந்து' வெளியானதும், 1989-இல் வந்த ஒரு பாட்டு மறுபடி ஊரெங்கும் கேட்கத் தொடங்கியது. விஜயகாந்த் நடித்த 'பொன்மனச் செல்வன்' படத்துக்கு இளையராஜா போட்ட 'நீ பொட்டு வச்ச தங்கக்குடம்'. ரிஷிவந்தியம் பக்கத்துக்கு அந்தப் பாட்டை யாரும் புதிதாக அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. 2011 சட்டமன்றத் தேர்தலில் 'கேப்டன்' விஜயகாந்த் வென்றதும், எதிர்க்கட்சித் தலைவராக அமர்ந்ததும் இந்தத் தொகுதியின் உறுப்பினராகத்தான். இங்கே காதுகுத்தோ கல்யாண ரிசப்ஷனோ, டிஜே லேப்டாப்பைத் திறந்துவிட்டால் கேப்டன் பாட்டு ஒன்றாவது கையில் இருப்பது நல்லது.

கேட்கிறவர்கள் பழைய பாட்டை அப்படியே கேட்பதும் இல்லை. 'புது பீட்டோட போடுங்க' என்பார்கள். அதற்கு இரண்டு வழி. ஒன்று ரீமிக்ஸ்: அதே பாட்டுக்குப் புதுத் தாளம் கட்டுவது. 'குறும்பு' படத்தில் 'ஆசை நூறு வகை'யை யுவன் சங்கர் ராஜாவும், 'அழகிய தமிழ்மகன்' படத்தில் 'பொன்மகள் வந்தாள்' பாட்டை ஏ.ஆர்.ரகுமானும் செய்தது அது. இன்னொன்று மாஷப்: ஒரு பாட்டின் குரலை எடுத்து, முற்றிலும் வேறொரு பாட்டின் இசைமேல் ஏற்றுவது. இரண்டும் ஒன்றுக்கொன்று பொருந்த வேண்டும் என்று நினைத்து யாரும் மெட்டுப் போட்டிருக்கவில்லை. ஆகவே மாஷப்பில் வேலை அதிகம்.

தாளத்தைப் பொருத்துவது இன்று பெரிய காரியமில்லை. எந்த மென்பொருளிலும் 'சிங்க்' பொத்தான் உண்டு. சுருதிக்கு அப்படி ஒரு பொத்தான் இல்லை. இருப்பதாகச் சில மென்பொருள்கள் சொல்லிக்கொள்ளும். அதை எவ்வளவு தூரம் நம்பலாம் என்பதைத்தான் இந்த அத்தியாயம் பார்க்கிறது.

முதலில் எண்கள். விர்ச்சுவல் டிஜே, செராட்டோ, ரெக்கார்ட்பாக்ஸ், டிராக்டர், இலவசமாகக் கிடைக்கும் மிக்ஸ் என எதில் பாட்டை ஏற்றினாலும் அது இரண்டு விவரம் காட்டும்: நிமிடத்துக்கு எத்தனை தட்டு என்கிற பிபிஎம், பாட்டின் கீ. கீயை '8ஏ', '5பி' என்று எழுதும் முறைக்குக் கேமலாட் சக்கரம் என்று பெயர். மார்க் டேவிஸ் என்பவர் வகுத்தது. மிக்ஸ்ட் இன் கீ என்ற மென்பொருளால் உலகம் முழுக்கப் பரவியது. 1 முதல் 12 வரை எண்கள். 'ஏ' என்றால் மைனர், 'பி' என்றால் மேஜர். ஒரே எண்ணும் ஒரே எழுத்தும் உள்ள இரண்டு பாட்டு சேரும். எண் ஒன்று கூடினாலும் குறைந்தாலும் சேரும். எண் மாறாமல் எழுத்து மட்டும் மாறினாலும் சேரும். 8ஏ பாட்டுக்கு 7ஏ, 9ஏ, 8பி மூன்றும் துணை.

ஆர்மோனியம் தெரிந்தவர்கள் இதைக் கட்டைக் கணக்கில் பார்த்தால் சீக்கிரம் பிடிபடும். 1 கட்டை மேஜர் 8பி, 2 கட்டை 10பி, 3 கட்டை 12பி, 4 கட்டை 7பி, 5 கட்டை 9பி, 6 கட்டை 11பி, 7 கட்டை 1பி. மைனர் வேண்டுமென்றால் இதே வரிசையில் 5ஏ, 7ஏ, 9ஏ, 4ஏ, 6ஏ, 8ஏ, 10ஏ. ஒரு பாட்டை அரைக் கட்டை ஏற்றினால் அதன் எண்ணோடு 7 கூடும். 12-ஐத் தாண்டினால் 12-ஐக் கழிக்க வேண்டும். 8ஏ அரைக் கட்டை ஏறினால் 3ஏ. மூன்றிலிருந்து நாலு கட்டைக்குப் போவதே அரைக் கட்டைதான் என்பதை மறந்துவிடக் கூடாது. மூன்றரைக் கட்டை என்று ஒன்று கிடையாது, ஏழரையும் கிடையாது.

பக்கத்து எண் ஏன் சேருகிறது? ஏழு சுரங்களில் ஆறு பொதுவாக இருப்பதால். சி மேஜரும் (1 கட்டை) ஜி மேஜரும் (5 கட்டை) ஒரே ஒரு சுரத்தில்தான் வேறுபடுகின்றன. எழுத்து மட்டும் மாறும்போது ஏழு சுரமும் அப்படியே இருக்கும். ஆதாரம் மட்டும் இடம்பெயரும். கர்நாடக இசையில் கிரகபேதம் என்று சொல்வது இதைத்தான். மேஜருக்கு இணையான சங்கராபரணத்தின் தைவதத்தை ஆதார சட்ஜமாக வைத்தால் மைனருக்கு இணையான நடபைரவி கிடைக்கும். 8பி-யும் 8ஏ-யும் சேருவதற்குப் பின்னால் இருக்கும் கணக்கு அவ்வளவுதான். ஜி.என்.பாலசுப்பிரமணியம் மேடையில் கிரகபேதம் செய்து காட்டியதைக் கேட்டு வளர்ந்த தலைமுறைக்குக் கேமலாட் சக்கரம் புதுச் சங்கதியாக இருக்காது.

சிக்கல் இனிமேல்தான் வருகிறது. கீ கண்டுபிடிக்கும் நிரல், பாட்டில் 12 சுரங்களில் எது எவ்வளவு ஒலிக்கிறது என்று எண்ணி, தன்னிடமுள்ள 24 அச்சுகளோடு ஒப்பிடுகிறது: 12 மேஜர், 12 மைனர். மேற்கத்திய நடனப் பாட்டுகளுக்கு அது போதும். தமிழ்த் திரைப்பாட்டு அந்த 24-க்குள் அடங்குவதில்லை. 'மன்னன்' படத்தின் 'அம்மா என்றழைக்காத' கல்யாணி ராகம். 1 கட்டையில் ஒருவர் கல்யாணி பாடினால் அதன் ஏழு சுரங்களும் ஜி மேஜரின் ஏழு சுரங்களே. மென்பொருள் சில நேரம் 8பி என்று சொல்லும், சில நேரம் 9பி என்று சொல்லும். ஆதாரம் சி என்பது காதுக்குத்தான் தெரியும். 'தேவர் மகன்' படத்தின் 'மாசறு பொன்னே வருக' மாயாமாளவகௌளை. இது மேஜருமில்லை, மைனருமில்லை. இங்கே மென்பொருள் எதைச் சொன்னாலும் அரைப் பொய்தான். அந்தக் குரலை மேஜர் கார்டுகள் ஓடும் ஒரு நடன இசைமேல் வைத்தால் சுத்த ரிஷபத்திலும் சுத்த தைவதத்திலும் இரண்டும் முட்டிக்கொள்ளும்.

ஆகவே மென்பொருள் காட்டும் எண்ணை முதல் சல்லடையாக மட்டும் வைத்துக்கொள்ள வேண்டும். அடுத்த சோதனை தம்புரா. செல்போனில் ஒரு சுருதிப்பெட்டி செயலி போதும். பாட்டை ஓடவிட்டு, சுருதியை 1 கட்டையிலிருந்து அரை அரையாக ஏற்றிக்கொண்டே போனால் ஓரிடத்தில் பாட்டு 'உட்காரும்'. அதுதான் ஆதாரம். பிறகு அந்த ஆதாரத்திலிருந்து காந்தாரம் பெரிதா சிறிதா, மத்யமம் எது, தைவதம் எது என்ற மூன்றைக் கவனித்தால் பெரும்பாலான மோதல்கள் அங்கேயே தெரிந்துவிடும். ராகத்தின் பெயர் தெரியாவிட்டாலும் பரவாயில்லை.

பழைய பாட்டுகளில் இன்னொன்றும் உண்டு. கேசட்டிலிருந்து கணினிக்கு ஏறிய பிரதிகளில் நாடா ஓடிய வேகத்தைப் பொறுத்துச் சுருதி கால் கட்டை ஏறியோ இறங்கியோ இருக்கும். தம்புரா எந்தக் கட்டையிலும் முழுதாகச் சேராமல் இரண்டுக்கும் நடுவில் இழுத்தால் காரணம் இதுதான். அரைக் கட்டையை நூறு பங்காகப் பிரித்து, அந்தப் பங்கைச் 'சென்ட்' என்பார்கள். பாட்டை 20, 30 சென்ட் நகர்த்தி முதலில் ஏதாவது ஒரு கட்டையில் நிறுத்த வேண்டும். வாட்ஸ்அப்பில் சுற்றிய பிரதியை வைத்துக்கொண்டு இந்த வேலையைத் தொடங்குவது வீண். உரிமம் பெற்ற கடையில் வாங்கிய கோப்போ குறுந்தகடோ இருந்தால் பாதிச் சிரமம் குறையும்.

சுருதி சேராத இரண்டு பாட்டைச் சேர்ப்பது எப்படி என்பதற்குத் தமிழில் ஒரு பெரிய பாடம் இருக்கிறது. அதில் கணினியே கிடையாது. 1985-இல் கே.பாலசந்தரின் 'சிந்து பைரவி'. கச்சேரி மேடையேறும் சுஹாசினி 'பாடறியேன் படிப்பறியேன்' என்ற நாட்டுப்புறப் பாட்டைத் தொடங்கி, அதைத் தியாகராஜரின் 'மரி மரி நின்னே' கீர்த்தனையில் கொண்டுபோய் இணைக்க வேண்டும். அந்தக் கீர்த்தனை வழக்கமாகப் பாடப்படுவது காம்போதியில். காம்போதி மேஜர் சாயல் கொண்டது. நாட்டுப்புற மெட்டை இளையராஜா சாரமதியில் அமைத்தார். சாரமதி நடபைரவியின் ஜன்யம், மைனர் சாயல். இரண்டும் அப்படியே ஒட்டாது. அவர் கீர்த்தனையையே சாரமதிக்கு மாற்றிவிட்டார். தெருப்பாட்டு எங்கே முடிகிறது, கீர்த்தனை எங்கே தொடங்குகிறது என்று மடிப்பே தெரியாமல் பாட்டு நகர்ந்தது. பாடிய கே.எஸ்.சித்ராவுக்குத் தேசிய விருது கிடைத்தது. கீர்த்தனையின் ராகத்தை மாற்றலாமா என்ற விவாதம் வேறு. மாஷப் செய்பவர் இங்கே கவனிக்க வேண்டியது, கட்டையை மட்டும் மாற்றியிருந்தால் அந்த இணைப்பு நடந்திருக்காது என்பதை. கட்டை மாற்றினால் எல்லாச் சுரமும் ஒன்றாக ஏறும், ஒன்றாக இறங்கும். பெரிய காந்தாரம் பெரிய காந்தாரமாகவே இருக்கும். ஒவ்வொரு சுரத்தையும் தனித்தனியாகப் பிடித்து நகர்த்த மெலோடைன் போன்ற மென்பொருள்கள் வந்துவிட்டன. ஆனால் கமகத்தோடு பாடிய குரலில் அதைச் செய்தால் குரல் பிளாஸ்டிக் ஆகிவிடும். ராகம் ஒத்துப்போகும் பாட்டைத் தேடுவதே மேல்.

தேடுவதற்கு ஒரு நல்ல கிணறு ஐந்து சுர ராகங்கள். சுரம் குறைவு, ஆகவே மோதலும் குறைவு. மோகனத்தின் ஐந்து சுரங்களை வைத்துக்கொண்டு ஆதாரத்தை மட்டும் மாற்றினால் மத்தியமாவதி, ஹிந்தோளம், சுத்த சாவேரி, சுத்த தன்யாசி நான்கும் கிடைக்கின்றன. 'அக்னி நட்சத்திரம்' படத்தின் 'நின்னுக்கோரி வர்ணம்' மோகனம். 'மோட்டார் சுந்தரம் பிள்ளை' படத்தின் 'மனமே முருகனின் மயில் வாகனம்' ஹிந்தோளம். முதலாவதை 1 கட்டையிலும் இரண்டாவதை 3 கட்டையிலும் கொண்டுவந்து நிறுத்தினால் இரண்டிலும் ஒலிப்பது அதே ஐந்து சுரம். திருவிழா மேடையில் ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குத் தாவினால் ஆதாரம் நகர்ந்தது கேட்பவருக்கு ஒரு திருப்பமாக இருக்கும், அபசுரமாக இருக்காது. இரண்டையும் ஒரே நேரத்தில் ஓட்டுவது கூடாது. ஆதாரம் இரண்டானால் காது குழம்பும். தாவ மட்டுமே இந்த வழி.

வட்டாரத்தின் சொந்த ஒலிகளைச் சேர்க்க நினைப்பவர்களுக்கும் சில குறிப்புகள். நாகஸ்வரம் பெரும்பாலும் 2 அல்லது 2½ கட்டையில் இருக்கும். டி.என்.ராஜரத்தினம் பிள்ளை காலத்தில் குட்டையான திமிரி நாகஸ்வரத்தின் இடத்தை நீளமான பாரி நாகஸ்வரம் பிடித்ததிலிருந்து வந்த வழக்கம் இது. சுவாமி புறப்பாட்டுக்கு வாசிக்கும் மல்லாரி கம்பீரநாட்டை. அதன் ஐந்து சுரமும் மேஜருக்குள் அடங்கும். 2½ கட்டை மல்லாரிக்கு 5பி இசைத்துண்டு எதுவும் ஒத்துவரும். தெருக்கூத்தில் ஆர்மோனியம் இருப்பதால் சுருதி அசையாது. ஆனால் பெட்டி பழையதென்றால் முன்சொன்ன சென்ட் கணக்கு வேண்டும். கல்வராயன் மலையில் மேளத்தை மட்டும் துணைக்கு வைத்துப் பாடும் பாட்டைப் பதிவு செய்தால் கதை வேறு. சுருதிக் கருவி இல்லாத பாட்டு போகப் போகக் கொஞ்சம் ஏறலாம், இறங்கலாம். மூன்று நிமிடப் பதிவை நான்கு வரித் துண்டுகளாக வெட்டி, ஒவ்வொன்றையும் தனியே சரிசெய்ய வேண்டும். அதைவிட, அதன் கீழே கார்டே வைக்காமல் வெறும் பறையும் ஒற்றைச் சுர பேஸும் வைப்பது அழகு. பாடியவர்களிடம் எதற்காகப் பதிகிறோம் என்று சொல்லி அனுமதி வாங்க வேண்டும் என்பதைத் தனியாகச் சொல்லத் தேவையில்லை.

இனி கட்டும் வேலை. குரலையும் இசையையும் பிரிப்பதற்கு ஒரு காலத்தில் ஸ்டுடியோ மாஸ்டர் கிடைத்தால்தான் உண்டு. 2019-இல் டீசர் நிறுவனம் ஸ்ப்ளீட்டர் என்ற நிரலை இலவசமாக வெளியிட்ட பிறகு நிலைமை மாறியது. இப்போது விர்ச்சுவல் டிஜே, செராட்டோ, அல்கோரிடிமின் டிஜே ஆகியவை ஓடுகிற பாட்டிலேயே குரல், தாளம், பேஸ், மற்றவை என்று ஸ்டெம்களாகப் பிரித்துத் தருகின்றன. ரகுமானுக்குப் பிந்தைய பாட்டுகள் சுத்தமாகப் பிரியும். எண்பதுகளின் பாட்டில் வயலின் கூட்டம் குரலோடு ஒட்டிக்கொண்டு வரும். ஒட்டி வரும் அந்த வயலின் இசைக்கும் கார்டுகள் கீழே வைக்கும் இசையோடு மோதும். பல்லவியின் முதல் இரண்டு வரி போன்ற வாத்தியம் குறைந்த இடங்களை மட்டும் எடுப்பது புத்திசாலித்தனம்.

பிபிஎம் எண்ணையும் ஒருமுறை தட்டிப் பார்க்க வேண்டும். டப்பாங்குத்து, தெம்மாங்கு போன்ற திஸ்ர நடைப் பாட்டில் 100 என்பதை மென்பொருள் 150 என்று காட்டிவிடும். எல்லா வாத்தியக்காரர்களும் ஒரே அறையில் உட்கார்ந்து வாசித்த காலத்துப் பாட்டில் வேகம் சரணத்தில் ஒன்றிரண்டு ஏறியிருக்கும். ஒவ்வொரு எட்டு ஆவர்த்தனத்துக்கும் ஒரு குறி வைத்து, மென்பொருள் வரைந்த தாளக் கட்டத்தை நேராக்க வேண்டும். 96-இல் இருக்கும் பாட்டை 100-க்குக் கொண்டுபோகும்போது சுருதியை நகராமல் பிடித்துவைக்கும் கீ லாக் போடாவிட்டால் சுருதி சுமார் 70 சென்ட் ஏறிவிடும். பழைய கட்டையிலும் நிற்காமல் அடுத்ததையும் தொடாமல் அந்தரத்தில் தொங்கும். கீ லாக்கைப் போட்ட பிறகு, தேவையான கட்டையைத் தனியாக மாற்றுவதே முறை.

எதை மாற்றுவது, குரலையா இசையையா? இசையை. எஸ்.பி.பி.யின் குரலை ஒரு கட்டைக்கு மேல் ஏற்றினால் அது அவர் குரலாகக் கேட்காது. ஊரில் ஒரு குழந்தைக்குக்கூட அது தெரியும். இசை ஸ்டெம்மை இரண்டு கட்டை வரை நகர்த்தினாலும் யாரும் கவனிக்கமாட்டார்கள். அப்போதும் தாள ஸ்டெம்மைத் தொடக் கூடாது. தவிலுக்கும் கிக் டிரம்முக்கும் சுருதி மாற்றினால் அடியின் கனம் போய்விடும்.

எடுப்பு ஒரு தனிப் பொறி. மெல்லிசைக் குழுவில் வாசித்தவர்களுக்குப் பழகிய விஷயம், லேப்டாப் முன் வளர்ந்தவர்கள் தடுக்கி விழும் இடம். பல தமிழ்ப் பாட்டுகளில் பல்லவியின் முதல் எழுத்து சமத்தில், அதாவது தாளச் சுற்றின் முதல் தட்டில், விழாது. அரை இடமோ முக்கால் இடமோ தள்ளித்தான் எடுக்கும். முதல் எழுத்து கேட்கும் இடத்தில் க்யூ போட்டு, அதைக் கீழே உள்ள இசையின் முதல் தட்டோடு ஒட்டினால் பாட்டு முழுக்க நொண்டும். குரலுக்கு முன்னால் இருக்கும் அந்த வெற்று இடத்தையும் சேர்த்து, சமத்திலிருந்து வெட்ட வேண்டும்.

பேஸ் ஒன்றே ஒன்றுதான் இருக்கலாம். இளையராஜா பாட்டில் பேஸ் கிட்டார் சும்மா அடித்தளம் போடுவதில்லை, தனியாக ஒரு மெட்டே பாடிக்கொண்டிருக்கும். அதை வைத்துக்கொண்டு மற்ற பாட்டின் பேஸை அறவே குறைப்பது நல்ல தேர்வு. கீழே ஓடும் இசைக்கு இரண்டு கார்டுக்கு மேல் வேண்டாம். கீ சேர்ந்திருந்தாலும் குரல் பஞ்சமத்தில் நிற்கும்போது கீழே கார்டு வேறெங்கோ போனால் ஒட்டாது. நான்கு ஆவர்த்தனச் சுழற்சி ஒன்றை எடுத்துக்கொண்டு, குரல் நீளமாக நிற்கும் ஒவ்வோர் இடத்திலும் காதைக் கொடுத்துக் கேட்க வேண்டும்.

சுருதிச் சிக்கலைச் சுற்றிக்கொண்டு போன வழிகளும் உண்டு. மலேசியாவின் யோகி பி, நட்சத்ரா குழு 2006-இல் 'வல்லவன்' தொகுப்பில் 'நிழல்கள்' படத்தின் 'மடை திறந்து' பாட்டை எடுத்து அதன்மேல் ராப் சொன்னார்கள். ராப்பில் நிலையான சுரம் இல்லை. தாளத்தில் உட்கார்ந்தால் எந்தக் கட்டையிலும் செல்லும். 2004-இல் டேஞ்சர் மவுஸ், ஜே-இசட்டின் ராப்பைப் பீட்டில்ஸ் இசையோடு சேர்த்துக் 'கிரே ஆல்பம்' செய்ய முடிந்ததற்கும் இது ஒரு காரணம். சென்னையில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்த வித்யா வாக்ஸ் வேறு வழி பிடித்தார்: ஆங்கிலப் பாட்டையும் இந்தியப் பாட்டையும் தானே ஒரே கட்டையில் பாடிவிட்டார். உள்ளூரில் நன்றாகப் பாடுபவர் ஒருவர் இருந்தால், ஸ்டெம் பிரித்து மல்லுக்கட்டுவதைவிட அவரைப் பாடவைப்பது விரைவில் முடியும். கேட்கவும் நன்றாக இருக்கும்.

முடித்ததை ஹெட்போனில் கேட்டு மகிழ்ந்தால் போதாது. கிராமத்து ஸ்பீக்கர் செட்டில் பெரும்பாலும் இடம் வலம் கிடையாது, எல்லாம் மோனோ. ஸ்டெம் பிரித்த குரல் மோனோவில் சில நேரம் பாதி காணாமல் போகும். மிக்சரில் மோனோ போட்டு ஒருமுறை, செல்போன் ஸ்பீக்கரில் ஒருமுறை கேட்டுவிட வேண்டும்.

சட்டத்தையும் தெரிந்துவைத்திருப்பது நல்லது. பதிப்புரிமைச் சட்டம் 1957-இன் 52-ஆவது பிரிவு, திருமண ஊர்வலத்திலும் திருமணத்தையொட்டிய கொண்டாட்டங்களிலும் பாட்டு ஒலிப்பதை உரிமை மீறலாகக் கருதுவதில்லை. இணையத்துக்கு அந்தச் சலுகை கிடையாது. பாட்டை மாற்றி இணையத்தில் ஏற்றினால் யூடியூப்பின் தானியங்கிச் சோதனையே பிடித்துவிடும். பெரிய படங்களும் தப்பவில்லை: தன் பழைய பாட்டுகளைப் பயன்படுத்தியதற்காக 2025-இல் 'குட் பேட் அக்லி' தயாரிப்பாளர்களுக்கு இளையராஜா நோட்டீஸ் அனுப்பினார், சென்னை உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடையும் விதித்தது. ஒலி மாசு விதிகள் 2000-இன்படி இரவு 10 மணிக்கு மேல் திறந்தவெளியில் ஒலிபெருக்கி கூடாது. சிறந்த மாஷப்பை 9.50-க்குத் தொடங்குவது மோசமான திட்டம்.

கோப்பின் பெயரிலேயே ராகம், கட்டை, பிபிஎம், எவ்வளவு நகர்த்தியது என நான்கையும் எழுதி வைக்கலாம்: 'மோகனம், 2 கட்டை, 100, இசை ஒன்று கீழே' என்பது போல. மேடையில் யாராவது திடீரென்று ஒரு பாட்டைக் கேட்டால் அந்த வரிதான் கைகொடுக்கும். ஸ்டெம் பிரித்ததை மட்டும் வைத்துக்கொண்டு மூலக் கோப்பை அழித்துவிடவும் கூடாது. பிரிக்கும் நிரல்கள் ஒவ்வொரு பதிப்பிலும் மேம்படுகின்றன; இன்று வயலினோடு ஒட்டிக்கொண்டு வரும் குரல் அடுத்த திருவிழாவுக்குள் தனியாகக் கழன்று வரக்கூடும்.